ஏற மாட்டேன் என்று உட்கார்ந்தவள்

1847 செப்டம்பர் 15. அமெரிக்காவின் மேற்குக் கோடியில் இருக்கும் ஓரிகனில் குடியேறக் கூண்டு வண்டிகளில் போனவர்களின் பாதை. அதில் ஒரு கூட்டம் காலையில் கிளம்புகிறது, ஒரே ஒரு குடும்பம் மட்டும் கிளம்பவில்லை. அந்தக் குடும்பத்துப் பெண் தரையில் உட்கார்ந்துவிட்டாள். நானும் வரமாட்டேன், பிள்ளைகளையும் அனுப்பமாட்டேன் என்கிறாள். புருஷன் மாடுகளைப் பூட்டி நிறுத்திவிட்டு மூன்று மணி நேரம் கெஞ்சிப் பார்க்கிறான். அவள் அசையவில்லை. கடைசியில் கூட வந்த ஆண்கள் மூன்று பேர் போய் ஆளுக்கொரு குழந்தையைத் தூக்கி வண்டிக்குள் திணிக்கிறார்கள். புருஷன் வண்டியை ஓட்டிக்கொண்டு போய்விடுகிறான். அவள் உட்கார்ந்தபடியே இருக்கிறாள்.

இதை எழுதி வைத்தவர் எலிசபெத் ஸ்மித் என்ற பெண். அவரும் அதே பாதையில் போனவர். இண்டியானாவில் லா போர்ட் என்ற ஊரிலிருந்து அந்த வருடம் ஏப்ரல் 21-ஆம் தேதி கணவரோடும் பிள்ளைகளோடும் கிளம்பி, வழியெல்லாம் நாட்குறிப்பு எழுதிக்கொண்டே வந்தார். இன்றைக்கு இத்தனை மைல், இங்கே புல் இருந்தது, அங்கே தண்ணீர் இல்லை என்று பெரும்பாலும் நாலு வரிதான். அந்த நாலு வரிகளுக்கு நடுவே இந்தப் பெண் உட்கார்ந்திருக்கிறாள். நான் இதைப் படித்து ஆறு வருடம் ஆகிறது. பாதையைப் பற்றிப் படித்த மற்ற பலவற்றை மறந்துவிட்டேன், இவளை மறக்க முடியவில்லை.

போன மாதம் ஒரு நாள் ராத்திரி சாப்பிட்டு முடித்ததும் கணவர், "ஆபீஸில் ஆஸ்டினுக்கு மாற்றல் தரேன்கிறாங்க, போகலாமா?" என்று கேட்டார். எட்டு வருடத்துக்கு முன்னால் நியூ ஜெர்சியில் இதே கேள்வியை இதே குரலில் கேட்டார். அப்போது நான் சரி என்றேன். அடுப்பை அணைத்துக்கொண்டே, கையில் கரண்டியோடு சொன்ன சரி அது. இந்தத் தடவை அந்தச் சொல் வாயில் வரவில்லை. யோசிக்கணும் என்றேன். "நேரம் எடுத்துக்கோ, ஒண்ணும் அவசரமில்லை" என்றார். படுத்தபிறகு அந்த செப்டம்பர் காலை ஞாபகத்துக்கு வந்தது. என் கதையையும் அவள் கதையையும் ஒரே தட்டில் வைக்க வரவில்லை. என் பெயரில் வங்கிக் கணக்கு இருக்கிறது, நான் மாட்டேன் என்றால் யாரும் என் பிள்ளையைத் தூக்கிக் காரில் திணிக்கப் போவதில்லை. ஆனாலும் அவளைப் பற்றி எழுதாமல் என்னால் இனி வேறு எதையும் யோசிக்க முடியாது என்று தோன்றிவிட்டது.

நியூ ஜெர்சியிலிருந்து நாங்கள் இதே ஓரிகனில் இருக்கும் போர்ட்லேண்ட் பக்கம் காரில்தான் வந்தோம். நெப்ராஸ்காவில் பிளாட் ஆற்றை ஒட்டிப் போகும்போது, இதுதான் கூண்டு வண்டிகள் போன வழி என்று கணவர் சொல்லிக்கொண்டே வந்தார். வயோமிங்கில் கெர்ன்ஸி என்ற சின்ன ஊருக்குப் பக்கத்தில் ஒரு இடம். மணற்பாறைக் குன்றின் மேல் வண்டித் தடம் அப்படியே இருக்கிறது, சில இடங்களில் ஐந்தடி ஆழத்துக்கு. எங்கள் ஊரில் மண்பாதையில் மழைக்குப் பிறகு விழும் தடத்தைப் பார்த்திருக்கிறேன், ஒரு வெயிலில் காய்ந்து அடுத்த மழையில் கரைந்துவிடும். இது பாறை. இரும்புப் பட்டை போட்ட மரச் சக்கரங்கள் ஒன்றன்பின் ஒன்றாக ஒரே இடத்தில் ஏறி ஏறித் தேய்த்திருக்கின்றன. ஏழு வயது மகள் உள்ளே இறங்கி நடந்தாள், கரைக்கு மேல் அவள் தலை மட்டும் தெரிந்தது. கொஞ்ச தூரத்தில் இன்னொரு பாறைச் சுவரில் போனவர்கள் தங்கள் பெயரைச் செதுக்கிவிட்டுப் போயிருக்கிறார்கள். அன்றைக்கு என் கண்ணில் பட்டதெல்லாம் ஆண்களின் பெயர்கள். சாயங்காலம் வண்டியை நிறுத்தினால் பெயர் செதுக்க யாருக்கு நேரம் கிடைத்திருக்கும் என்று அப்போது எனக்குத் தோன்றவில்லை. படம் எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டோம்.

வாசகர் வட்டத்தில் நான் சொன்னது

இங்கே வந்து முதல் இரண்டு வருடம் எனக்கு யாரையும் தெரியாது. நூலகத்தில் மாதம் ஒரு தடவை கூடும் வாசகர் வட்டத்தில் போய்ச் சேர்ந்தேன். எட்டு பத்துப் பேர், பெரும்பாலும் ஓய்வு பெற்ற பெண்கள். மழை நிற்காத ஒரு ஜனவரியில் பாதையில் போன பெண்களின் நாட்குறிப்புகளைப் படிப்பதென்று முடிவாயிற்று. அதில் எலிசபெத்தின் பக்கமும் இருந்தது. செப்டம்பர் 15 வந்ததும் அறையில் ஒரு சலசலப்பு. பாவம், புத்தி பேதலித்துவிட்டது என்றார் ஒருவர். அவளுக்கு உதவி தேவைப்பட்டிருக்கும் என்றார் இன்னொருவர். என்ன நினைக்கிறாய் என்று என்னைக் கேட்டார்கள். நான் சொன்னேன்: "குழந்தைகளை நினைத்துப் பார்த்திருக்க வேண்டாமா?"

எல்லோரும் தலையாட்டினார்கள். வீட்டுக்குத் திரும்பும்போது காரில் அந்த வாக்கியமே காதில் கேட்டுக்கொண்டிருந்தது. அது என் வாக்கியமே இல்லை. எங்கள் தெருவில் கோபித்துக்கொண்டு பிறந்த வீட்டுக்கு வந்து திண்ணையில் உட்கார்ந்த ஒவ்வொரு பெண்ணிடமும் யாராவது ஒரு பெரியம்மா சொன்ன வாக்கியம். சின்ன வயதில் அதைக் கேட்டு, அந்த அக்கா எழுந்து முகத்தைக் கழுவிக்கொண்டு திரும்பிப் போனதையும் பார்த்திருக்கிறேன். அந்த அக்காவுக்காவது உட்காரத் திண்ணை இருந்தது. இவளுக்கு ஐந்து மாத நடைக்குப் பின்னால் இருந்தது அவள் பிறந்த வீடு. அவளிடம் போய் நானும் அதே வாக்கியத்தைச் சொல்லிவிட்டு வந்திருக்கிறேன்.

மூன்று மணி நேரம்

மூன்று மணி நேரம் என்று எலிசபெத் சும்மா எழுதவில்லை. பாதையில் நேரம்தான் எல்லாம். மிசௌரி ஆற்றங்கரையிலிருந்து ஓரிகனின் வில்லமெட் பள்ளத்தாக்கு வரை 2000 மைல், நம் கணக்கில் 3200 கிலோமீட்டர். நல்ல நாளில் 25 கிலோமீட்டர் போகலாம். ஏப்ரல், மே மாதத்தில் புல் முளைத்தபிறகுதான் கிளம்ப முடியும், மாட்டுக்குத் தீனி வேண்டுமே. பனி விழுவதற்குள் மலையைத் தாண்டியாக வேண்டும். முந்தின குளிர்காலத்தில்தான் கலிபோர்னியாவுக்குப் போன டானர் கூட்டம் சியரா நெவாடா மலையில் பனியில் மாட்டிக்கொண்டு ஏறக்குறைய பாதிப் பேர் செத்துப்போயிருந்தார்கள். எலிசபெத்தின் புல்லும் தண்ணீரும் நிறைந்த நாலு வரிகள் அந்த பயத்தில் எழுதியவைதான். செப்டம்பர் நடுவில் மூன்று மணி நேரம் மாடு பூட்டியபடி நிற்பதென்றால் அந்தப் புருஷனுக்கும் வயிற்றில் நெருப்புத்தான். அவன் உடனே அடிக்கவில்லை, கெஞ்சினான். அதையும் நான் மறுக்கவில்லை.

அவள் பக்கம் வந்து உட்கார்ந்து பார்க்கிறேன். வண்டிப் பெட்டி பத்தடி நீளம், நாலடி அகலம். அதில் மாவும் பன்றிக் கறியும் காப்பிக்கொட்டையும் சர்க்கரையும் போர்வைகளும். பெரியவர் ஒருவருக்கு 90 கிலோ மாவு, 70 கிலோ உப்புப் போட்ட கறி என்று அந்தக் காலத்து வழிகாட்டிகள் கணக்குச் சொல்கின்றன. வில் கிடையாது, குலுக்கல் தாங்காது, அதனால் முக்கால்வாசிப் பேர் பக்கத்திலேயே நடந்துதான் போனார்கள். பாலைவனக் காற்றில் சக்கரத்து மரம் சுருங்கி இரும்புப் பட்டை கழன்று விழும், ஆறு வந்தால் சக்கரத்தைத் தண்ணீரில் ஊறப்போடுவார்கள். சாயங்காலம் வண்டி நின்றதும் ஆண்கள் மாட்டை அவிழ்த்து மேய விட்டுவிட்டுக் காலை நீட்டலாம். பெண்களுக்கு இரண்டாவது பகல் அப்போதுதான் தொடங்கும். மரமே இல்லாத சமவெளி, விறகுக்கு எங்கே போவது? காட்டெருமைச் சாணி காய்ந்து கிடப்பதை முந்தானையில் பொறுக்கிக்கொண்டு வந்து எரித்தார்கள். முந்தானை என்றுதான் எனக்கு எழுத வருகிறது, அவர்களுக்கு அது பாவாடைக்கு மேல் கட்டும் ஏப்ரன். காலையில் கறந்த பாலின் ஆடையை மூடிய பாத்திரத்தில் வண்டியில் தொங்கவிட்டால், குலுங்கிக் குலுங்கிச் சாயங்காலம் வெண்ணெய் திரண்டிருக்கும். கடைய வேண்டிய வேலை மிச்சம். வண்டி அவர்களுக்குச் செய்துகொடுத்த ஒரே உபகாரம் அதுதான் என்று எனக்குத் தோன்றும். வண்டி நாள் முழுக்க நிற்பதை ஓய்வு நாள் என்பார்கள், அன்றைக்குத்தான் துணி துவைக்க வேண்டும்.

பாதையில் போன பெண்களில் ஐந்தில் ஒருவர் கர்ப்பமாக இருந்திருப்பார் என்று வரலாற்றாசிரியர்கள் கணக்குச் சொல்கிறார்கள். 1853-இல் ஐயோவாவிலிருந்து கிளம்பிய அமீலியா ஸ்டீவர்ட் நைட் என்ற பெண்ணின் நாட்குறிப்பும் இருக்கிறது. ஏழு பிள்ளைகளோடு போனவர். ஏப்ரலிலிருந்து செப்டம்பர் வரை மழையையும் சேற்றையும் செத்த மாடுகளையும் எழுதுகிறார். ஒரு பையன் வண்டிக்கடியில் விழுந்து சக்கரத்தில் மாட்டாமல் தப்பியதை எழுதுகிறார். ஆகஸ்டில் ஒரு நாள் லூசி என்ற மகளை ஆற்றங்கரையிலேயே விட்டுவிட்டுப் போய்விட்டார்கள். சில மைல் போய் மாட்டுக்கு ஓய்வு கொடுக்க நிறுத்தினால், பின்னால் வந்த இன்னொரு கூட்டம் அவளைக் கொண்டுவந்து சேர்க்கிறது. வேறொருவர் வண்டியில் இருக்கிறாள் என்று அம்மா நினைத்திருக்கிறார். இவ்வளவையும் எழுதியவர் தான் கர்ப்பமாக இருப்பதை எழுதவே இல்லை. கடைசிப் பக்கத்தில் எட்டாவது குழந்தை பிறந்தது என்று ஒரு வரி வருகிறது, அப்போதுதான் நமக்கே தெரியும். நான் மறுபடி முதலிலிருந்து படித்தேன். ஒவ்வொரு சேற்றையும், ஒவ்வொரு மலையேற்றத்தையும் எத்தனையாவது மாதம் என்று எண்ணிக்கொண்டே படிக்க வேண்டியிருந்தது.

1846-இல் போன ஹெண்டர்சன் குடும்பத்தில் ஒரு சின்னப் பெண், வண்டியில் இருந்த அபின் மருந்துக் குப்பியைக் குடித்துவிட்டுச் செத்துப்போனாள். மூன்று நாள் கழித்து, அவள் அம்மாவுக்கு வழியிலேயே இன்னொரு பெண் பிறந்தது. ஏற்கெனவே தாமதம் என்று ஒரு நாள்கூடத் தங்க ஆண்கள் சம்மதிக்கவில்லை, சில மணி நேரம் நின்று கிளம்பிவிட்டார்கள். செத்தவர்களைப் பல சமயம் வண்டிப் பாதையிலேயே புதைத்து, மேலே வண்டிகளை ஓட்டி மண்ணை இறுக்கினார்கள், ஓநாய் தோண்டக் கூடாதே என்று. சொந்தக் குழந்தையின் மேல் நூறு வண்டி ஏறிப் போவதை ஒரு அம்மா பார்த்துவிட்டு நடந்திருக்கிறாள்.

அந்த செப்டம்பர் காலை உட்கார்ந்தவளுக்கு இதில் எது நேர்ந்தது, எதுவும் நேரவில்லையா, எலிசபெத் எழுதவில்லை. கோபம் வந்தது, அசைய மறுத்தாள், அவ்வளவுதான். மூன்று மணி நேரத்தில் அவள் என்ன சொன்னாள் என்பதும் இல்லை. அவன் கெஞ்சியது இருக்கிறது, அவள் பதில் இல்லை. திரும்பிப் போகிறேன் என்று அவளால் சொல்ல முடியாது, தனியாக அத்தனை தூரம் யார் நடப்பது. மாடு அவள் பெயரில் கிடையாது, வண்டி அவள் பெயரில் கிடையாது, அன்றைய சட்டப்படி கல்யாணமான பெண்ணின் சொத்தும் சம்பாத்தியமும் பெரும்பாலும் புருஷனுடையதுதான். பிள்ளைகளும் சட்டத்துக்கு அப்பாவின் பிள்ளைகளே. அவளிடம் இருந்தது அவள் உடம்பின் எடை ஒன்றுதான். அதைத் தரையில் வைத்தாள்.

கண்ணுக்கு மறைந்த தூரம்

வாசகர் வட்டத்தில் நாங்கள் பேசாமல் தாண்டிய வரி ஒன்று இருக்கிறது. எனக்கு எல்லாம் புரண்டது அந்த வரியில்தான். வண்டி போனபிறகு அவள் எழுந்தாள். வந்த வழியே திரும்பி நடந்தாள், கண்ணுக்கு மறையும் வரை. அப்புறம் குறுக்கே வெட்டி நடந்து, முன்னால் போன புருஷனைப் போய்ப் பிடித்தாள்.

கண்ணுக்கு மறையும் வரை என்றால், அதுவரை எலிசபெத் பார்த்துக்கொண்டு நின்றிருக்கிறார். அதற்கப்புறம் அவளை யாரும் பார்க்கவில்லை. ஐந்து மாதத்தில் அவள் ஒருத்தியாக இருந்த ஒரே நேரம் அதுவாகத்தான் இருக்க வேண்டும். பத்தடி வண்டிக்குள்ளும் வெளியிலும் எந்நேரமும் ஆட்கள். ஒதுங்கப் போவதற்குக்கூட மற்றப் பெண்கள் பாவாடையை விரித்து மறைப்புக் கட்டி நிற்க வேண்டிய வெட்டவெளி அது. அங்கே அவள் கிழக்கே பார்த்து நடந்திருக்கிறாள், தன் ஊர் இருக்கும் திசையில். எவ்வளவு தூரம் நடந்தபிறகு நின்றாள், நின்று என்ன பார்த்தாள் என்று நான் எத்தனையோ தடவை நினைத்திருக்கிறேன். பிள்ளைகள் போகும் திசைக்கு அவள் திரும்பியது அங்கேதான். குழந்தைகளை நினைத்துப் பார்த்திருக்க வேண்டாமா என்று நான் கேட்டேனே, அந்த வெட்டவெளியில் அவள் வேறு எதையாவது நினைத்திருக்க முடியுமா?

அதற்குப் பிறகு நடந்ததையும் சொல்லாமல் விட்டால் அவளை என் விருப்பத்துக்கு மழுப்பியதாகும். விட்டுவந்த குதிரையைக் கொண்டுவர அவள் புருஷன் தன் பையன் ஜானைப் பின்னால் அனுப்பியிருந்தான். அவள் வந்து சேர்ந்ததும், ஜானைப் பார்த்தாயா என்று கேட்டான். பார்த்தேன், ஒரு கல்லை எடுத்து அவன் மண்டையை உடைத்துவிட்டேன் என்றாள். அவன் பதறிப்போய் உண்மையா என்று பார்க்கத் திரும்பி ஓடினான். அவன் அந்தப் பக்கம் போனதும் அவள் அவனுடைய வண்டிகளில் ஒன்றுக்குத் தீ வைத்தாள். கூண்டுத் துணி எரிந்தது, சில விலையுயர்ந்த சாமான்களும் போயின. தீயைப் பார்த்து ஓடிவந்து அணைத்தான். அப்புறம் அவளுக்குச் சரியான அடி. ஜானைப் பற்றி மேலே பேச்சில்லை, கொலை நடந்ததுபோல அந்தக் குறிப்பு தொனிக்கவில்லை.

அந்தக் கல்லைப் பற்றிய வார்த்தையை என்னால் நியாயப்படுத்த முடியாது, முயலவும் மாட்டேன். ஒரு தாய் அப்படிச் சொல்லும் இடத்துக்கு எப்படிப் போய்ச் சேர்ந்தாள் என்று மட்டும் பயமாக இருக்கிறது. ஆனால் தீ வைத்த வண்டியைக் கவனித்தேன். விற்பனைச் சரக்கு ஏற்றிய வண்டி அது என்று எலிசபெத் தெளிவாக எழுதியிருக்கிறார். புது ஊரில் கடை போட, அல்லது விற்று முதலாக்க, அவன் ஏற்றிக்கொண்டு வந்த சரக்கு. வழி நெடுக இரும்பு அடுப்பும் அலமாரியும் நாற்காலியும் சுமை தாங்காமல் தூக்கி எறியப்பட்டுக் கிடந்த பாதை அது, எத்தனையோ பெண்களின் வீட்டுச் சாமான். புத்தி பேதலித்தவள் கைக்கு எட்டியதைக் கொளுத்துவாள். இவள் எரித்தது இந்தப் பயணம் எதற்காக நடந்ததோ அதை.

உட்கார்ந்த சிலை, புதைத்த குழந்தை

ஓரிகனில் யூஜின் நகரத்துப் பல்கலைக்கழக வளாகத்தில், முதலில் குடியேறியவர்களை நினைத்து, முன்னோடித் தாய் என்று ஒரு வெண்கலச் சிலை இருந்தது, 1932-இல் வைத்தது. வயதான பெண், மடியில் புத்தகத்தோடு அமைதியாக உட்கார்ந்திருப்பார். நானும் ஒரு தடவை போய்ப் பார்த்திருக்கிறேன். வேலையெல்லாம் முடிந்து, எல்லாவற்றையும் பொறுத்து, மன்னித்து உட்கார்ந்திருக்கும் முகம். 2020 ஜூனில் போராட்டக்காரர்கள் அதையும் அங்கிருந்த முன்னோடி ஆணின் சிலையையும் இழுத்துச் சாய்த்தார்கள். அந்தச் செய்தி வந்தபோது வாசகர் வட்டத்துப் பெண்களில் சிலருக்கு ரொம்ப வருத்தம், அவர்களில் ஒருவரின் கொள்ளுப்பாட்டி இந்தப் பாதையில் வந்தவர். எனக்கு இரண்டு பக்கமும் மனசு போனது. ஆனால் அந்த முகத்தைப் பார்த்தபோது எனக்குள் எழுந்த எதிர்ப்பு போராட்டக்காரர்களின் காரணத்தால் வந்தது கிடையாது. பொறுத்தவள் உட்கார்ந்தால் சிலை வைக்கிறார்கள். கோபத்தில் உட்கார்ந்தவளுக்கு மிஞ்சியது, எலிசபெத் குறித்து வைத்த மார்க்கம் என்ற குடும்பப் பெயர் மட்டும்தான்.

அவர்கள் காரணத்துக்கு வருகிறேன், அதைத் தாண்டிப் போக எனக்கு உரிமையில்லை. இந்தப் பாதை போன நிலம் காலி நிலம் கிடையாது. வடக்குப் பையூட் என்ற பூர்வகுடியைச் சேர்ந்த சாரா வின்னிமக்கா என்ற பெண் தன் வாழ்க்கையை எழுதி 1883-இல் வெளியிட்டார். அவர் சின்னக் குழந்தையாக இருந்தபோது, வெள்ளைக்காரர்கள் வருகிறார்கள், அவர்கள் மனிதர்களைத் தின்பவர்கள் என்ற பேச்சு பரவியிருந்தது. பனியில் செத்தவர்களின் சதையைத் தின்று பிழைத்த டானர் கூட்டத்தின் கதை அப்படிப் போய்ச் சேர்ந்திருந்தது. வருகிறார்கள் என்று சத்தம் கேட்டதும் எல்லோரும் ஓடுகிறார்கள். அவர் அம்மாவின் முதுகில் ஒரு கைக்குழந்தை, சாராவையும் தூக்கிக்கொண்டு ஓட முடியவில்லை. அம்மாவும் சித்தியும் சாராவையும் இன்னொரு சின்னப் பெண்ணையும் மண்ணில் புதைத்தார்கள், முகம் மட்டும் வெளியே தெரிய. வெயில் படாமல் முகத்துக்கு மேல் புதர்ச் செடியை நட்டு வைத்தார்கள். சத்தம் போடக் கூடாது என்று சொல்லிவிட்டு ஓடினார்கள். இரவான பிறகுதான் திரும்பி வந்து தோண்டி எடுத்தார்கள். அத்தனை நேரமும் அந்தக் குழந்தை பேசாமல் கிடந்திருக்கிறாள். நாட்குறிப்பு எழுதிய எத்தனையோ பெண்கள், இந்தியர்கள் என்று தாங்கள் அழைத்த பூர்வகுடிகளுக்குப் பயந்து தூங்காத இரவுகளை எழுதியிருக்கிறார்கள். 1840-இலிருந்து 1860 வரை பாதையில் பூர்வகுடிகள் கொன்ற வழிப்போக்கர்கள் 362 பேர், வழிப்போக்கர்கள் கொன்ற பூர்வகுடிகள் 426 பேர் என்று ஒரு வரலாற்றாசிரியர் ஆவணங்களிலிருந்து எண்ணியிருக்கிறார். காலராவும் ஆற்று வெள்ளமும் தவறி வெடித்த துப்பாக்கியும் கொன்றவர்கள் அதைவிடப் பல மடங்கு.

1850-இல் வந்த ஓரிகன் நிலக்கொடைச் சட்டம் அதற்கு முன்பே குடியேறியிருந்த தம்பதிக்கு 640 ஏக்கர் கொடுத்தது. அதில் பாதி மனைவியின் பெயரிலேயே. அந்தக் காலத்து அமெரிக்காவில் ஒரு மனைவிக்கு இப்படிக் கிடைத்தது பெரிய விஷயம், நான் குறைத்துச் சொல்ல விரும்பவில்லை. அந்த நிலத்தில் வாழ்ந்தவர்களோடு ஒப்பந்தம் போட்டு முடிப்பதற்கு முன்பே அதைப் பங்குபோட்டார்கள். கறுப்பினத்தவருக்குக் கிடையாது. ஒரு பெண்ணின் பெயர் பத்திரத்தில் ஏறியது இன்னொரு பெண்ணின் மண்ணில்தான் என்பதை இரண்டையும் சேர்த்துத்தான் நான் எழுத முடியும்.

எலிசபெத்

ஆறு வருடமாக நான் உட்கார்ந்தவளைப் பற்றியே யோசித்துக்கொண்டிருந்தேன். எழுதியவரைப் பற்றி யோசிக்கத் தொடங்கியது இப்போதுதான். அந்த ஆண்கள் மூன்று பேரும் தாமாகப் போகவில்லை. எலிசபெத்தான் போய்த் தன் கணவரிடம் நிலைமையைச் சொல்கிறார். அதற்கப்புறம் அவர் கணவரும் இன்னும் இருவரும் போய்க் குழந்தைகளைத் தூக்குகிறார்கள். அவள் அடி வாங்கியதை எழுதும்போதும், அவனுக்கு ஒரு வழியாகத் துணிச்சல் வந்தது என்ற தொனிதான். பெண்ணே பெண்ணை இப்படி எழுதலாமா என்று எனக்கு முதலில் கோபம் வந்தது. பிறகு என் வாசகர் வட்டத்து வாக்கியம் ஞாபகம் வந்தது. வண்டிக்குப் பின்னால் நடக்கும் ஒருத்திக்கு, உட்கார்ந்துவிட்ட இன்னொருத்தியைப் பார்ப்பது எவ்வளவு பயமாக இருந்திருக்கும். தானும் உட்காரலாம் என்று ஒரு கணம் தோன்றிவிட்டால் எப்படி எழுந்து நடப்பது?

இரண்டு மாதம் கழித்து, நவம்பரில், எலிசபெத்தின் குடும்பம் கொலம்பியா ஆற்றில் மரக்கட்டைத் தெப்பத்தில் வண்டிகளை ஏற்றிக்கொண்டு போகிறது. அலை தெப்பத்துக்கு மேல் அடிக்கிறது. சாப்பாட்டை அளந்து கொடுக்க வேண்டிய நிலை. நீர்வீழ்ச்சி வந்ததும் இறங்கி ஐந்து மைல் சுற்றி நடக்க வேண்டும். கணவருக்கு உடம்பு சரியில்லை. மழையும் பனியும். கைக்குழந்தையைத் தூக்கிக்கொண்டு, இன்னொன்றை நடத்தி, நடத்தி என்ன, அதையும் தூக்கிக்கொண்டு, முழங்கால் வரை சேற்றில் நடந்ததை எழுதுகிறார். கால் இருக்கிறதா என்பதே தெரியாத அளவு மரத்துப்போயிருந்தது என்கிறார். விடியலில் கிளம்பி இருட்டியபிறகு முகாம் போய்ச் சேர்ந்தார்கள். யார் மேலும் ஒரு காய்ந்த நூல் இல்லை, குழந்தையின் மேல்கூட. தான் பட்டதில் பாதியைக்கூடச் சொல்லவில்லை, சொல்லத் தனக்குத் திறமை போதாது என்று அங்கே ஒரு வரி. அவர் அத்தனை பக்கத்திலும் ஒரு நாள்கூட உட்காரவில்லை. அந்தச் சேற்றில் நடக்கும்போது செப்டம்பரில் பார்த்தவளை ஒரு தடவையாவது நினைத்திருப்பாரா என்று எனக்குக் கேட்க வேண்டும்போல இருக்கிறது.

போர்ட்லேண்ட் வந்து சேர்ந்தார்கள். அப்போது அது ஆற்றங்கரையில் சில வீடுகள். ஒழுகும் ஒரு சின்ன வீடு கிடைத்தது, அதில் ஏற்கெனவே இரண்டு குடும்பங்கள். கணவர் அதில் படுத்தவர் எழுந்திருக்கவில்லை. கூரை ஒழுக ஒழுக இரவெல்லாம் பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறார் எலிசபெத். இந்த ஊரின் குளிர்கால மழையை எட்டு வருடமாகப் பார்க்கிறேன். பெரிய மழையாகப் பெய்து ஓய்வது கிடையாது, நாள் கணக்கில், வாரக் கணக்கில் பொடிப்பொடியாகத் தூறிக்கொண்டே இருக்கும், சன்னல் கண்ணாடிக்கு இந்தப் பக்கம் ஹீட்டர் ஓடும்போதே எலும்புக்குள் இறங்கும்.

1848 பிப்ரவரி 2-ஆம் தேதிக் குறிப்பை நேற்று ராத்திரி மறுபடி எடுத்துப் படித்தேன். இன்று கணவரைப் புதைத்தோம் என்று தொடங்குகிறது. விதவைகளுக்கு மட்டுமே தெரிவது இப்போது எனக்குத் தெரிகிறது என்கிறார். தெரியாத ஊர், காசு கிடையாது, உறவு கிடையாது, ஏழு பிள்ளைகள். அதை எழுதி முடித்துவிட்டு, ஏழு மாதப் பாதையில் எழுதிய வழக்கப்படியே, கடைசியில் அன்றைய வானத்தையும் ஒரே சொல்லில் குறித்திருக்கிறார். மேகமூட்டம்.